கொழும்பில் தமிழ் நடிகர் தெரிவும் படத் தயாரிப்பும்: எங்கே தொடங்குவது?

கேள்வி சுருக்கமாக இது. வெள்ளவத்தையில் வசிக்கும் 24 வயதுப் பெண், ஊடகக் கற்கையில் பட்டம் முடித்தவர். நடிக்க விருப்பமில்லை. பாத்திரங்களுக்கு ஆள் தேர்வதும், காசு, நாள், சாப்பாடு, அனுமதி எல்லாம் பார்த்து ஒரு படத்தை முடித்துக் கொடுப்பதும்தான் ஆசை. கொழும்பில் இருந்துகொண்டு இதைத் தொழிலாக்க முடியுமா, எங்கே தொடங்குவது என்று கேட்கிறார்.

முடியும். ஆனால் ‘காஸ்டிங் டிரெக்டர் (நடிகர் தேர்வாளர்) தேவை’ என்று யாரும் விளம்பரம் போடப் போவதில்லை. இங்கே பெரும்பாலான படங்களிலும் தொலைக்காட்சி நாடகங்களிலும் ஆள் தேடும் வேலையை ஓர் உதவி இயக்குநரோ புரொடக்ஷன் மனேஜரோ தன் மற்ற வேலைகளுக்கு நடுவே செய்துவிடுகிறார். தனி வேலையாக அது நடப்பது பெரும்பாலும் விளம்பரப் படங்களிலும், வெளிநாட்டு யூனிட்டுகள் (படக்குழுக்கள்) இங்கே வந்து எடுக்கும் படங்களிலும்தான். ஆகவே தங்கச்சி, நீங்கள் கேட்ட இரண்டு வேலைக்கும் இங்கே வாசல் ஒன்றுதான். தயாரிப்பு உதவியாளராக உள்ளே போய், ‘இவவுக்கு ஆட்களைத் தெரியும், சொன்ன நேரத்துக்குக் கொண்டுவந்து நிறுத்துவா’ என்று பெயர் எடுத்த பிறகுதான் எது உங்கள் பக்கம் என்று பிரித்துக்கொள்ள முடியும்.

முதலில் சிங்களம். தமிழ்ப் படங்களை மட்டும் நம்பிக் கொழும்பில் வாடகை கட்ட முடியாது. சம்பளம் கிடைக்கும் வேலை சிங்களப் படம், சிங்களத் தொடர், விளம்பரம், வெளிநாட்டு யூனிட் ஆகியவற்றில்தான் அதிகம். ஷூட்டிங்கில் லைட்காரர், வான் சாரதி, சாப்பாட்டுக்காரர், பொலிஸ் நிலையத்து ஓஐசி (பொறுப்பதிகாரி) என்று எல்லோரோடும் சிங்களத்தில் பேச வேண்டும். கோல் ஷீட்டும் (யார் எத்தனை மணிக்கு எங்கே வரவேண்டும் என்ற அன்றாடத் தாள்) கணக்கும் ஆங்கிலத்தில் எழுத வேண்டும். நடிகரோடு தமிழில் பேச வேண்டும். மூன்றும் தெரிந்தவருக்கு இந்த ஊரில் தட்டுப்பாடு உண்டு. இதில் தயக்கமும் வேண்டாம். 1947 இல் வெளிவந்த முதல் சிங்களப் பேசும் படத்தைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். சினிமாஸ் லிமிடெட் என்ற திரைப்பட நிறுவனத்தை நடத்திய கே. குணரத்தினம், புகழ்பெற்ற சிங்கள இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் இயக்கிய ஒரு படம் உட்படப் பல சிங்களப் படங்களைத் தயாரித்தவர். ஹெந்தளையில் இருந்த அவருடைய விஜயா ஸ்டூடியோ 1983 ஜூலையில் எரிக்கப்பட்டது. இந்தத் தொழிலின் அத்திவாரத்தில் நம்மவர்களின் உழைப்பு இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டு உள்ளே போவது நல்லது.

இனி முக்கியமான விஷயம். கொழும்பில் ஒரு தமிழ் காஸ்டிங் ஆளை வேறு எவராலும் ஈடுசெய்ய முடியாதவராக ஆக்குவது காது. முகத்தை யாரும் பார்த்துத் தேரலாம். ஆனால் அந்த முகம் வாயைத் திறந்ததும் எந்த ஊர் கேட்கிறது என்று சொல்ல ஆள் வேண்டும். 2020 இல் தீபா மேத்தா இயக்கிய ‘ஃபனி போய்’ படம் வந்தபோது, கொழும்புத் தமிழ்க் குடும்பத்தின் கதையில் முக்கியமான தமிழ்ப் பாத்திரங்களைத் தமிழர் அல்லாதவர்கள் ஏற்றதும், வசனத் தமிழ் ஒட்டாமல் நின்றதும் தமிழரிடமிருந்து கடும் விமர்சனத்தைக் கொண்டுவந்தது. அந்த விமர்சனம் நியாயமானது. தன் வீட்டு வரலாற்றைத் திரையில் பார்க்க வந்தவருக்குத் தன் வீட்டுப் பேச்சு கேட்காவிட்டால் அது வலிக்கும். அதற்கு ஐந்து வருடம் முன், 2015 இல் கான் விழாவில் தங்கப் பனை வென்ற, பிரான்ஸுக்குப் போன ஈழத் தமிழ் அகதியின் கதையான ‘தீபன்’ படத்தில் பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஒடியார் நாயகனாகத் தேர்ந்தது எழுத்தாளர் ஷோபாசக்தியை. தொழில்முறை நடிகர் அல்ல. ஆனால் அந்தப் பேச்சும் அந்த வாழ்க்கையும் உள்ளவர்.

அந்தக் காதை எப்படி வளர்ப்பது? யாழ்ப்பாணத்தில் ‘வாறன்’, மலையகத்தில் ‘வாரேன்’, மட்டக்களப்பில் ‘மறுகா’ (பிறகு), முஸ்லிம் வீட்டில் வாப்பா, உம்மா, ராத்தா (அக்கா), நானா (அண்ணன்) என்று சொற்களைப் பட்டியலிடுவது முதல் படி மட்டும். சொல்லை யாருக்கும் ஒரு நாளில் சொல்லிக் கொடுக்கலாம். வாக்கியத்தின் முடிவில் குரல் ஏறுகிறதா இறங்குகிறதா, கேள்வி கேட்கும்போது எந்த அசையை இழுக்கிறார்கள், கோபத்தில் வேகம் கூடுகிறதா குறைகிறதா என்பதெல்லாம் இரண்டு மூன்று வாரப் பயிற்சியிலும் முழுதாக வராது. ஒரு பாத்திரத்துக்கு ஆள் தேடுமுன் இயக்குநரிடம் நான்கு கேள்வி கேளுங்கள். இவர் வளர்ந்த ஊர் எது? தாய் எந்த ஊர்? எந்த மொழியில் படித்தார்? எத்தனை வயதில் கொழும்புக்கு வந்தார்? முப்பது வருடமாக வெள்ளவத்தையில் இருக்கும் யாழ்ப்பாணத்துக்காரரும், கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்தவரும் ஒரே மாதிரிப் பேசுவதில்லை. ஹட்டனிலிருந்து வந்து புறக்கோட்டைக் கடையில் நிற்கும் இளைஞன் முதலாளியின் முன் ஒரு தமிழும், அம்மாவோடு போனில் வேறொரு தமிழும் பேசுவான். அந்த மாற்றத்தை நடிக்கத் தெரிந்தவன்தான் அந்தப் பாத்திரத்துக்குச் சரி.

இந்தக் காதை வைத்து முதல் சம்பளம் எடுக்கக்கூடிய இடம் விளம்பரங்களின் தமிழ்ப் பிரதி. சிங்களத்தில் எடுத்த விளம்பரத்துக்குத் தமிழ்க் குரல் போடும் வேலை கொழும்பில் ஓயாமல் நடக்கிறது. அதில் பெரும்பாலும் கெட்டுப்போவது இரண்டு. ஒன்று, சிங்கள வாக்கியத்தை அப்படியே தமிழாக்கி, 20 செக்கனுக்குள் அடங்காமல் குரல்காரர் மூச்சு விடாமல் ஓடுவது. தமிழில் சொல் நீளம், ஆகவே கருத்தைப் பாதியாகக் குறைத்துத்தான் எழுத வேண்டும். மற்றது உதடு. திரையில் வாய் மூடும் இடத்தில் ப, ம போன்ற உதட்டெழுத்து வரவேண்டும். அங்கே ‘க’ வந்தால் பார்ப்பவருக்குக் காரணம் தெரியாவிட்டாலும் பொய்யாக இருக்கும். க்ளோசப் வரும் இடங்களை மட்டும் குறித்து, அந்த நான்கைந்து சொற்களை உதட்டுக்கு ஏற்ப மாற்றிக் கொடுத்தால் போதும். இதைச் சுத்தமாகச் செய்பவரை விளம்பர நிறுவனங்கள் திரும்பக் கூப்பிடும். குரல்காரரைத் தேர்வதில் தொடங்கி, பிறகு முகத்தைத் தேரும் வேலையும் கைக்கு வரும்.

படத்துக்கு ஆள் தேர்வது என்று வந்தால் வேலை ஸ்கிரிப்டில் தொடங்குகிறது. இரண்டு முறை வாசியுங்கள். முதல் முறை கதைக்கு, இரண்டாவது முறை பென்சிலோடு. பேசும் பாத்திரம் ஒவ்வொன்றுக்கும் ஒரு தாள்: வயது வீச்சு, பேச்சு, எத்தனை காட்சி, எத்தனை நாள் தேவைப்படும், யாரோடு இரத்த உறவு (முகம் பொருந்த வேண்டும்), விசேஷத் திறமை. சைக்கிள் ஓட்ட வேண்டும், கடலில் நீந்த வேண்டும், கொழுந்து பறிக்க வேண்டும் என்பதையெல்லாம் இங்கேயே எழுதாவிட்டால் ஷூட்டிங் நாளில்தான் தெரியவரும். ஒரு வரி மட்டும் பேசும் டொக்டர், பொலிஸ்காரர், கடைக்காரர் போன்ற பாத்திரங்களைக் கடைசி வாரத்துக்குத் தள்ளிவிடுவார்கள். தமிழ்ப் படங்களில் போலித்தனம் முதலில் தெரிவது அந்தச் சிறிய பாத்திரங்களில்தான். யூனிட்டில் நின்ற யாரையோ சட்டை மாற்றி நிறுத்தியது உடனே தெரியும்.

ஆட்களை எங்கே தேடுவது? வெள்ளவத்தை 57ஆம் ஒழுங்கையில் கொழும்புத் தமிழ்ச் சங்கம் இருக்கிறது; அங்கே மேடையேறும் நாடகங்களைத் தவறவிடாதீர்கள். லயனல் வென்ட் அரங்குக்குப் போங்கள்; பாடசாலைத் தமிழ் நாடகப் போட்டிகளுக்குப் போங்கள். பராக்கிரம நிரியெல்லவின் ஜனகரளிய நாடகக் குழுவில் சிங்களமும் தமிழும் ஆன நடிகர்கள் இரு மொழியிலும் மேடையேறிப் பழகியவர்கள். யாழ்ப்பாணத்தில் 1965 இல் தொடங்கிய திருமறைக் கலாமன்றம், மட்டக்களப்பில் சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகம் ஆகியவற்றோடு தொடர்பு வைத்திருங்கள். 2015 முதல் நடக்கும் யாழ்ப்பாண சர்வதேசத் திரைப்பட விழாவில் குறும்படங்களைப் பார்க்கும்போது, நாயகனை விட்டுவிட்டு இரண்டாவது மூன்றாவது பாத்திரங்களைக் கவனியுங்கள்; மேலே வரப்போகிறவர்கள் அங்கேதான் இருப்பார்கள். பார்த்த அன்றிரவே ஒரு எக்ஸெல் தாளில் பெயர், ஊர், பேச்சு, எதில் பார்த்தீர்கள், எது நன்றாக இருந்தது என்று ஒரு வரி எழுதிவையுங்கள். மூன்று வருடத்தில் அந்தத் தாள்தான் உங்கள் மூலதனம். அதில் இருப்பது மற்றவர்களின் தனிப்பட்ட விவரம் என்பதையும் நினைவில் வையுங்கள். 2022 ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. சம்மதம் இல்லாமல் ஒருவரின் போன் இலக்கத்தையும் ஒடிஷன் வீடியோவையும் இன்னொரு யூனிட்டுக்குத் தூக்கிக் கொடுக்கக் கூடாது.

முதல் வடிகட்டலுக்கு வீடியோவை விட வாட்ஸ்அப் குரல் பதிவு நல்லது. ‘நேற்று வீட்டில் என்ன சமையல், யார் சமைத்தது, எப்படி இருந்தது’ என்று ஒரு நிமிடம் பேசி அனுப்பச் சொல்லுங்கள். வசனம் வாசித்தால் எல்லோரும் மேடைத் தமிழுக்குப் போய்விடுவார்கள். சமையலைப் பற்றிப் பேசும்போது வீட்டுத் தமிழ் வந்துவிடும். ஒரு முக்கிய பாத்திரத்துக்கு முப்பது குரல் கேட்டு, எட்டுப் பேரை நேரில் அழைத்து, மூன்று பேரை இயக்குநருக்குக் காட்டுவது நல்ல அளவு. பதினைந்து பேரைக் காட்டினால் இயக்குநர் குழம்புவார். உங்களுக்கும் முடிவெடுக்கத் தெரியவில்லை என்று அர்த்தமாகும்.

வீடியோ அனுப்பச் சொன்னால் விதிகளைத் தெளிவாகத் தமிழில் எழுதி அனுப்புங்கள். போனைப் படுக்கைவாட்டில் வைக்க வேண்டும். லென்ஸ் கண் உயரத்தில். நெஞ்சுக்கு மேல் சட்டகம். ஜன்னல் வெளிச்சம் முகத்தில் விழவேண்டும், முதுகில் அல்ல. பின்னால் வெறும் சுவர். ஃபில்டர், பாட்டு எதுவும் வேண்டாம். தொடக்கத்தில் பெயர், உயரம், வளர்ந்த ஊர், பேசும் மொழிகள், எந்தத் தேதிகளில் வர முடியாது என்பதைச் சொல்ல வேண்டும். கடைசிக் கேள்விதான் பின்னால் உங்களைக் காப்பாற்றும்.

நேரில் நடக்கும் ஒடிஷனுக்கு ஓர் ஆளுக்கு 15 நிமிடம் ஒதுக்குங்கள். இடைவேளைகளோடு ஒரு நாளைக்கு 22, 24 பேருக்கு மேல் பார்த்தால் பின்னேரம் வந்தவர்களுக்கு அநியாயம் நடக்கும். உங்கள் கண் களைத்திருக்கும். இரண்டு நாள் முன்னதாகவே காட்சித் தாள் அனுப்புங்கள். இரண்டு காட்சி, சேர்த்து இரண்டு பக்கத்துக்குள். ஒன்றில் அந்தப் பாத்திரம் எதையாவது மறைக்க வேண்டும், மற்றதில் உடைய வேண்டும். எழுத்துத் தமிழில் வசனம் இருந்தால் ‘உங்கள் வீட்டில் இதை எப்படிச் சொல்வீர்களோ அப்படிச் சொல்லுங்கள்’ என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். எதிர் வசனம் வாசிப்பவர் லென்ஸுக்குப் பக்கத்தில், மூன்று அடி தூரத்தில் இருக்க வேண்டும். அவருக்கும் அதே ஊர்ப் பேச்சு தெரிந்திருந்தால் நடிகரின் பேச்சு தானாகச் சரியாகும். பத்திரிகை வாசிப்பது போல ஒருவர் எதிர் வசனம் சொன்னால் நல்ல நடிகரும் கீழே போவார்.

நம் நடிகர்களில் பலர் கூத்திலிருந்தோ மேடையிலிருந்தோ வானொலி நாடகத்திலிருந்தோ வருகிறார்கள். குரல் கடைசி வரிசைக்குக் கேட்கும். கை பெரிதாக அசையும். இதை ‘ஓவர் அக்டிங்’ என்று எழுதித் தள்ளிவிடுவது பெரிய பிழை. அவர்களிடம் இருக்கும் மூச்சும் தாளமும் வேறெவரிடமும் இல்லை. முதல் முறை அவர்கள் விருப்பப்படி செய்யவிடுங்கள். இரண்டாவது முறை, பக்கத்து அறையில் குழந்தை தூங்குகிறது என்று சொல்லி அதே காட்சியைச் செய்யச் சொல்லுங்கள். மூன்றாவது முறை கையில் ஒரு வேலை கொடுங்கள்: வெங்காயம் உரிப்பது, சட்டை மடிப்பது. மூன்றாவது முறையில் சுருங்கி உள்ளே போகிறவர் கமெராவுக்கு வருவார். மூன்றிலும் ஒரே மாதிரி நின்றால் சரிவராது. திருத்தம் சொன்னதும் மாறுகிறாரா என்பதே ஒடிஷனில் பார்க்க வேண்டியது. முதல் முறை எவ்வளவு நன்றாகச் செய்தார் என்பது இரண்டாவது.

இங்கே ஒழுக்கம் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். ஒடிஷன் எப்போதும் பகலில், அலுவலகத்திலோ மண்டபத்திலோ. ஹோட்டல் அறையிலும் தனி வீட்டிலும் ஒருபோதும் இல்லை. அறையில் இன்னொரு பெண் இருக்க வேண்டும். நெருக்கமான காட்சிகளை ஒடிஷனில் செய்யச் சொல்லக் கூடாது. அவை ஸ்கிரிப்டில் இருந்தால் வருமுன்னே எழுத்தில் சொல்லிவிட வேண்டும். பெண் பிள்ளைகளோடு தாயோ அண்ணனோ வருவார்கள். முகம் சுளிக்காமல் வெளியே கதிரை போட்டுத் தேநீர் கொடுங்கள். அவர்களின் நம்பிக்கை இல்லாமல் நம் சமூகத்தில் ஒரு பெண்ணைப் படத்துக்குக் கொண்டுவர முடியாது. சிறுவர்களென்றால் பெற்றோர் இருவரின் எழுத்துச் சம்மதம், கூடவே ஒரு பாதுகாவலர், பாடசாலை விடுமுறையில் ஷூட்டிங். நடிகரிடம் பதிவுக் கட்டணம், பயிற்சிக் கட்டணம், போட்டோ கட்டணம் என்று ஒரு ரூபாகூட வாங்காதீர்கள். வாய்ப்புத் தருவதாகச் சொல்லிக் காசு கேட்பவர் யாராக இருந்தாலும் அவர் காஸ்டிங் செய்பவர் அல்ல. உங்களுக்குச் சம்பளம் தரவேண்டியது தயாரிப்பு நிறுவனம் மட்டும்.

தேர்ந்த பிறகுதான் ஆள் கைநழுவும் காலம் தொடங்குகிறது. நடிகர் ‘ஓம்’ என்றது போதாது. இன்ன தேதி முதல் இன்ன தேதி வரை எங்களுக்கு என்று வாட்ஸ்அப்பில் எழுதி, அவர் பதில் போட்டால்தான் கணக்கு. அதன் பின்னும் கேட்க வேண்டியவை இருக்கின்றன. கார்த்திகையில் ஐயப்பனுக்கு மாலை போடுவாரா? போட்டால் தை மாதம் வரை தாடி எடுக்க மாட்டார், கறுப்பு உடையில் இருப்பார், யூனிட் சாப்பாடு சாப்பிட மாட்டார். நல்லூர்த் திருவிழாவின் 25 நாளும் யாழ்ப்பாணத்தை விட்டு வராதவர்கள் இருக்கிறார்கள். நோன்பு மாதத்தில் முஸ்லிம் நடிகரை வெயிலில் ஓடும் காட்சிக்கு வைக்கக் கூடாது. வெளிநாட்டு வேலைக்கோ விசாவுக்கோ விண்ணப்பித்திருக்கிறாரா, வீட்டில் கல்யாணம் இருக்கிறதா, பிள்ளைக்கு உயர்தரப் பரீட்சையா என்று நேரடியாகக் கேளுங்கள். முடி, தாடி, மூக்குத்தி எதையும் படம் முடியும் வரை மாற்றக் கூடாது என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள். நேர்த்திக்கு மொட்டை போட்டுவிட்டு வந்து நிற்பவரைக் குறை சொல்லிப் பயனில்லை, கேட்காதது நம் பிழை.

ஒப்பந்தம் ஒரு பக்கம் போதும், ஆனால் நடிகர் வாசிக்கும் மொழியில் இருக்க வேண்டும். தேதிகள், ஒரு நாள் வேலை எத்தனை மணித்தியாலம், கூடினால் எவ்வளவு, போக்குவரத்தும் தங்குமிடமும் யார் பொறுப்பு, காசு எப்போது. முழுக் காசையும் ஷூட்டிங் முடிவில் கொடுத்துவிட்டால் டப்பிங்குக்கு ஆள் கிடைப்பது கஷ்டம். முழுதையும் டப்பிங் வரை இழுத்தால் அது நடிகருக்குச் செய்யும் அநியாயம். கையெழுத்தில் 30%, ஷூட்டிங் முடியும் நாளில் 50%, டப்பிங் முடிந்ததும் 20% என்று பிரிப்பது இருபக்கமும் தாங்கும். விளம்பரமென்றால் எத்தனை மாதம், எந்த நாட்டில், ரி.வியா இணையமா பதாகையா என்பதைத் தனித்தனியே எழுத வேண்டும். பால்மா விளம்பரத்தில் வந்தவர் அந்தக் காலத்துக்குள் இன்னொரு பால்மாவில் வரமுடியாது. அந்த இழப்பும் சம்பளத்துக்குள் சேரவேண்டும். இதைத் தெரியாமல் ஒரு நாள் கூலிக்கு வருடக்கணக்காக முகத்தைக் கொடுத்தவர்கள் நிறையப் பேர். தயாரிப்பாளரின் பக்கம் நின்றாலும் இதை நடிகருக்கு விளக்கிச் சொல்லுங்கள்.

தயாரிப்புப் பக்கம். ஒரு ஸ்கிரிப்ட் பக்கத்தை எட்டுக் கூறாகப் பிரித்துக் காட்சி நீளத்தை அளப்பார்கள். 96 பக்க ஸ்கிரிப்டை 18 நாளில் எடுப்பதென்றால் நாளுக்கு ஐந்தேகால் பக்கத்துக்கு மேல். ஒரே வீட்டுக்குள் இரண்டு பேர் பேசும் படத்துக்கு அது ஓடும். கொழும்புக்குள் நாளுக்கு இரண்டு லொகேஷன் மாறினால் ஓடாது. காலையும் பின்னேரமும் நெரிசலான காலி வீதியில் (கோல் ரோட்) ஜெனரேட்டர் லொறியோடு நகர்வது நடக்காத காரியம். இடம் மாறவேண்டுமானால் மதியச் சாப்பாட்டோடு மாற்றுங்கள். வெள்ளவத்தையில் கடற்பக்க ஒழுங்கையில் வீடு பிடித்தால் கரையோர ரயில் நேர அட்டவணையை சவுண்ட்காரரிடம் முதல் நாளே கொடுங்கள். காகமும் பாண் ஓட்டோவின் பீத்தோவன் மெட்டும் அட்டவணை இல்லாமல் வரும். அதற்கு ஒரு பையனைத் தெருமுனையில் நிறுத்த வேண்டும்.

மழையை வைத்துத்தான் நாட்டுக்குள் ஷெடியூல் போடவேண்டும். கொழும்புக்கு மே முதல் செப்டெம்பர் வரை தென்மேல் பருவம்; ஒக்டோபர், நவம்பரில் பின்னேரம் இடியோடு மழை. வடக்கு கிழக்குக்குப் பெரிய மழை ஒக்டோபரில் தொடங்கி, ஜனவரி வரையும் இழுக்கும். கொழும்பும் மட்டக்களப்பும் இரண்டும் வேண்டிய கதையை நவம்பரில் வைத்தால் இரண்டு இடத்திலும் நனைவீர்கள். பெப்ரவரி, மார்ச்சில் இரண்டும் ஓரளவு காய்ந்திருக்கும். யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு நாள் காட்சிக்கு வரும் நடிகருக்குக் கிட்டத்தட்ட 400 கிலோமீற்றர் வர ஒரு நாள், போக ஒரு நாள். பட்ஜெட்டில் அது மூன்று நாள் செலவு. ‘ஒரு நாள்தானே’ என்று எழுதிய பட்ஜெட்டுகள் இப்படித்தான் உடைகின்றன.

சாப்பாட்டைச் சின்ன விஷயமாக நினைக்காதீர்கள். 35 பேர், மூன்று வேளை, 18 நாள் என்றால் 1,890 பார்சல், தேநீர் வேறு. கொழும்பு யூனிட்டில் ஹலால் பார்ப்பவர், மாட்டிறைச்சி தொடாதவர், வெள்ளிக்கிழமை மரக்கறிக்காரர், விரதக்காரர் எல்லோரும் இருப்பார்கள். ஹலால் கோழி ஒரு வகை, தனிப் பாத்திரத்தில் சமைத்த மரக்கறி ஒரு வகை என்று இரண்டு வைத்தால் யாருக்கும் மனம் நோகாது. போயா (பௌர்ணமி விடுமுறை) நாளில் அரச அலுவலகம் மூடியிருக்கும், இறைச்சிக் கடை மூடியிருக்கும். அன்று அனுமதிக் கடிதத்துக்கும் போக முடியாது. மொத்தப் பட்ஜெட்டில் 10% எதிர்பாராச் செலவுக்கு ஒதுக்கி, இயக்குநருக்குச் சொல்லாமல் வைத்திருங்கள். ஓட்டோ, இளநீர், பாரம் தூக்கிய கூலிக்கெல்லாம் பில் வராது; இலக்கமிட்ட வவுச்சர் புத்தகத்தில் தொகை, ஓட்டோ இலக்கம், கையெழுத்து. ஒவ்வொரு இரவும் கணக்கை மூடாவிட்டால் நான்காம் நாளில் யாருடைய காசு எங்கே போனது என்று கண்டுபிடிக்க முடியாது, பழி உங்கள்மேல் வரும்.

அனுமதிகள்: வீதியில் எடுக்க மாநகர சபையும் அந்தப் பகுதிப் பொலிஸும், ஸ்டேஷனிலும் ரயிலிலும் எடுக்கப் புகையிரதத் திணைக்களம், பழைய கட்டடங்களுக்குத் தொல்பொருள் திணைக்களம், ட்ரோனுக்குச் சிவில் விமானப் போக்குவரத்து அதிகார சபையும் பாதுகாப்பு அமைச்சும். வெளிநாட்டுப் படமென்றால் பௌத்தாலோக மாவத்தையிலுள்ள தேசிய திரைப்படக் கூட்டுத்தாபனத்தின் வழியாகப் போகவேண்டும். கடிதங்களின் மூலப்பிரதியும் மூன்று நகலும் எப்போதும் உங்கள் பையில் இருக்கட்டும். கோட்டைப் பக்கம் கமெராவோடு நிற்கும்போது யாராவது கேட்பார்கள். தமிழ் யூனிட் என்றால் இன்னும் இரண்டு கேள்வி கூடக் கேட்பார்கள். கடிதத்தைச் சிங்களத்தில் வைத்திருந்தால் அந்தப் பேச்சு சீக்கிரம் முடியும்.

வெளிநாட்டு யூனிட்டுக்கு எக்ஸ்ட்ரா (கூட்டத்தில் வரும் துணை ஆட்கள்) பிடிப்பது பலருக்கு முதல் பெரிய வேலையாக அமையும். 300 பேர் கேட்டால் 330 பேருக்குச் சொல்லுங்கள். விடியற்காலை நான்கு மணிக்கு வானில் ஏறாதவர்கள் எப்போதும் இருப்பார்கள். 25 பேருக்கு ஒரு பொறுப்பாளர். அடையாள அட்டை இலக்கத்தோடு பட்டியல், ஒவ்வொருவருக்கும் ஒரு போட்டோ, இரண்டு சோடி உடை, எழுத்தோ லோகோவோ இல்லாதது. போனைப் பையில் போட்டு இலக்கமிட்டு வாங்கிவையுங்கள். முதலில் காலைச் சாப்பாடு, பிறகு உடை. கழிவறையும் நிழலும் இல்லாத இடத்துக்கு வயதானவர்களைக் கூட்டிப்போகாதீர்கள். காசை அன்று மாலையே, கையெழுத்து வாங்கி, ஆளின் கையில் கொடுங்கள். இடைத்தரகரிடம் மொத்தமாகக் கொடுத்தால் பாதி அங்கேயே நிற்கும். அடுத்த முறை மட்டக்குளியிலோ கொச்சிக்கடையிலோ உங்கள் பெயரைச் சொன்னால் யாரும் வர மாட்டார்கள்.

காஸ்டிங், தயாரிப்பு என்ற இரண்டு தொப்பியையும் ஒன்றாகப் போடுவதில் ஒரு ஆபத்து இருக்கிறது. காசைப் பார்க்கும் நீங்களே ஆளையும் தேர்ந்தால், மலிவாக வருபவரின் நடிப்பு உங்களுக்கு நன்றாகத் தெரியத் தொடங்கும். அதனால் முதலில் சம்பளம் பேசாமல் மூன்று பேரைத் தேர்ந்து எழுதி இயக்குநரிடம் கொடுத்துவிடுங்கள். பிறகு பட்ஜெட் தாளைத் திறவுங்கள். நடிகரிடம் தரகு வாங்கிக்கொண்டு தயாரிப்பாளரிடமும் சம்பளம் வாங்குவது எந்த நிலையிலும் கூடாது. உங்கள் கட்டணத்தைப் படத்துக்கு இவ்வளவு என்று பேசுங்கள், தலைக்கு இவ்வளவு என்று வேண்டாம். வருமான வரி இலக்கம் எடுத்துக்கொள்ளுங்கள். கொடுக்கும் நிறுவனம் கட்டணத்தில் வரி பிடித்துத் தந்தால், அதற்குரிய சான்றிதழைக் கேட்டு வாங்கிவையுங்கள்.

உங்கள் பெயர் திரையில் வரவேண்டும் என்பதையும் ஒப்பந்தத்தில் எழுதுங்கள். ‘நடிகர் தெரிவு’ என்று தனி வரி. உலகிலேயே இதற்கு நெடுங்காலம் எடுத்தது. ஹொலிவுட்டில் காஸ்டிங் செய்த லின் ஸ்டால்மாஸ்டருக்குத் திரையில் தனி அட்டையில் பெயர் வந்தது 1968 இல். அவருக்குக் கௌரவ ஒஸ்கார் கிடைத்தது 2016 இல். பிரித்தானிய பாஃப்டா 2020 இல்தான் இதற்கு விருது கொடுத்தது, ஒஸ்காரில் 2025 இல் வெளியான படங்களிலிருந்துதான் தனிப் பிரிவு. இங்கே கேட்காவிட்டால் யாரும் போடமாட்டார்கள்.

இந்த மாதமே செய்யக்கூடியவை: பல்கலைக்கழக நண்பர்கள் எடுக்கும் குறும்படம் ஒன்றுக்குக் காசு வாங்காமல் ஆள் தேர்ந்து கொடுங்கள், ஆனால் மேலே சொன்ன தாள்கள் எல்லாவற்றையும் உண்மையாகவே தயாரியுங்கள், அதுதான் நேர்முகத்தில் காட்டப் போகும் கோப்பு. ஒரு சிங்களத் தொடரிலோ விளம்பர யூனிட்டிலோ தயாரிப்பு உதவியாளராக நாட்கூலிக்குச் சேருங்கள். சேருமுன் மூன்று கேளுங்கள்: காசு எந்த நாளில், இரவு முடிந்தால் வீட்டுக்கு வாகனம் உண்டா, யாருக்குக் கீழ் வேலை. வாகனம் இல்லையென்றால் அந்த வேலையை விட்டுவிடுங்கள், இன்னொன்று வரும். மூன்றுக்கும் நேராகப் பதில் சொல்லும் புரொடக்ஷன் மனேஜர் கிடைத்தால் சம்பளம் குறைவென்றாலும் அவரோடு இரண்டு படம் வேலை செய்யுங்கள்.